கதாநாயகனுக்குப் பக்கத்தில் நிற்பவன்

யுத்தப் படங்களையும் சாகசப் படங்களையும் பற்றி எழுதுகிறவர்களிடையே, ஆராய்ந்து கண்ட முடிவாக இல்லாமல் பரம்பரைச் சொத்தைப்போல் ஒருவர் கையிலிருந்து இன்னொருவர் கைக்கு மாறி வருகிற அபிப்பிராயம் ஒன்று உண்டு. கதாநாயக ஸ்தானத்தை ஒருநாளும் எட்டாமல் ஐம்பது வருஷம் நடித்துவிட்டு மறைகிற நடிகன், எட்ட முயன்று தோற்றுப்போனவன் என்பதே அந்த அபிப்பிராயம். இதை அவர்கள் நிந்தையாகச் சொல்வதில்லை; மிகுந்த இரக்கத்தோடுதான் சொல்கிறார்கள். முகம் எல்லாருக்கும் தெரியும், பெயர்தான் ஒருவருக்கும் தெரியாது என்று தொடங்குவார்கள். உயரம் நாலு விரற்கடை கூடுதலாக இருந்திருந்தால் அவர் கதையே வேறாக இருந்திருக்கும் என்பார்கள். ஒரே இராணுவ உடுப்பில் ஆயுளைக் கழித்தார் பாவம் என்று பெருமூச்சு விடுவார்கள். வசைக்கு மறுமொழி சொல்வது எளிது. இரக்கத்துக்கு மறுமொழி சொல்லப் புகுந்தால் நன்றிகெட்டவன் என்ற பெயர்தான் மிஞ்சும். ஆயினும் இந்த இரக்கம் ஒரு தவறான சித்தாந்தத்தின்மேல் நிற்கிறது என்பதும், அந்தச் சித்தாந்தம் யுத்தப் படம் என்ற கலைவடிவத்தையே தலைகீழாகப் புரிந்துகொண்டதன் விளைவு என்பதும் நம் துணிபு. ஆகவே அந்தப் பெயர் வந்தால் வரட்டும்.

வாதத்தைப் பொதுவாக ஓட்டிக்கொண்டு போவதைவிட ஒரு மனிதரை முன்னிறுத்திப் பேசுவது நேர்மை. ரிச்சர்ட் ஜேக்கல் என்ற அமெரிக்க நடிகரை எடுத்துக்கொள்வோம். 1926 அக்டோபரில் நியூயார்க் மாகாணத்து லாங் பீச்சில் பிறந்தவர். பள்ளிப் பருவம் கழிந்ததும் ட்வென்டியத் செஞ்சுரி ஃபாக்ஸ் ஸ்டூடியோவின் தபால் பிரிவில் கடிதங்களைச் சுமந்து கொடுக்கும் பையனாக வேலைக்குச் சேர்ந்தவர். பசிபிக் கடலில் குவாடல்கனால் தீவுக்கான சண்டை 1943 பிப்ரவரியில்தான் ஓய்ந்தது; அங்கே துருப்புகளோடு இருந்த பத்திரிகையாளர் ரிச்சர்ட் டிரகாஸ்கிஸ் எழுதிய புத்தகத்தை வைத்து அதே வருஷத்திலேயே ஃபாக்ஸ் நிறுவனம் ‘குவாடல்கனால் டைரி’ என்ற படத்தை எடுத்து வெளியிட்டது. அந்தப் படத்தில், ‘சிக்கன்’ என்று தோழர்கள் கேலியாக அழைக்கிற ஆண்டர்சன் என்ற பால்மணம் மாறாத சிப்பாயாக நிற்க ஆள் தேடியபோது, பதினேழு வயதை ஒட்டிய அந்தத் தபால்காரப் பையனே அகப்பட்டான். குள்ளமான, கட்டுமஸ்தான, பொன்னிறத் தலைமயிர் கொண்ட உருவம். எத்தனை வருஷமானாலும் முதுமை தட்டாத முகம். இடையில் கடற்சேவைக்குப் போய்த் திரும்பினார் என்பதைத் தவிர, அன்று தொடங்கிய வேலை 1990-களின் முற்பகுதிவரை நிற்கவில்லை. இவரைத்தான் ‘நட்சத்திரமாகத் தவறியவர்’ என்ற பட்டியலில் முதலிலேயே எழுதி வைத்திருக்கிறார்கள்.

இரக்கக்காரர்களின் முதல் எடுகோள் இது: துணைப்பாத்திரம் என்பது ஒரு படி, அதில் ஏறி அடுத்த படிக்குப் போகாமல் அங்கேயே நின்றுவிட்டவன் அசக்தன். சமூக நாடகத்துக்கோ காதல் கதைக்கோ இது ஒருவேளை பொருந்தலாம். யுத்தப் படத்துக்குப் பொருந்தவே பொருந்தாது. ஏனெனில் யுத்தப் படத்தின் விஷயம் மரணபயம். கதாநாயகனோ மரணபயத்துக்கு அப்பாற்பட்டவன். திரையில் நாலாபுறமும் குண்டு வெடிக்கிறது, ஜான் வெய்ன் நடுவில் நிற்கிறார். கொட்டகையில் உட்கார்ந்திருப்பவர்களில் ஒருவராவது அவருக்காக அடிவயிறு கலங்குவதுண்டா? படம் தொடங்கி அரைமணி நேரத்துக்குள் அவரைக் கொன்றுபோட எந்த முதலாளியும் அவ்வளவு பணம் கொட்டிக்கொடுத்து ஒப்பந்தம் செய்யமாட்டார் என்பது டிக்கட் வாங்கியவனுக்கும் தெரியும். ஆகவே நட்சத்திரம் பயப்படுவதாக நடித்தாலும் அது அலங்காரம். உண்மையான பயம், எந்த நிமிஷமும் சாகக்கூடியவன் முகத்தில் மட்டுமே உட்கார முடியும். அந்த முகம் யாருடையது? விளம்பரத் தட்டியில் நாலாவதாகவோ எட்டாவதாகவோ பெயர் போடப்பட்டவனுடையது. அவன் பிழைப்பானா மாட்டானா என்பது நமக்குத் தெரியாது. அந்தத் தெரியாமைதான் யுத்தப் படத்தின் உயிர்.

இதற்கு ருசு வேண்டுமானால் 1949-ல் வில்லியம் வெல்மன் இயக்கிய ‘பேட்டில்கிரவுண்ட்’ படத்தைப் பார்க்கலாம். 1944 டிசம்பரில் பாஸ்டோன் ஊரைச் சுற்றிப் பனியிலும் மூடுபனியிலும் அகப்பட்டுக்கொண்ட அமெரிக்கத் துருப்புகளின் கதை. அந்தப் போர்முனையில் தாமே இருந்த ராபர்ட் பிராஷ் எழுதி, அதற்காக ஆஸ்காரும் பெற்றார். அந்தப் படத்தில் பயம் இரண்டு பேருக்கு வருகிறது. ஒருவன் ஹாலி, அந்த வேஷத்தில் நடித்தவர் படத்தின் நட்சத்திரமான வான் ஜான்சன். இன்னொருவன் பெட்டிஸ், அந்த வேஷம் ஜேக்கலுக்கு. சண்டையின் நடுவே ஹாலி ஓடத் தொடங்குகிறான். ஆனால் புதிதாகச் சேர்ந்த இளஞ்சிப்பாய் ஒருவன், தலைவன் ஏதோ யுக்தியோடு போகிறான் என்று எண்ணி அவன் பின்னாலேயே வந்துவிடுகிறான். வெட்கிப்போன ஹாலி, அந்த ஓட்டத்தையே எதிரியைப் பக்கவாட்டில் வளைத்துத் தாக்கும் நகர்வாக மாற்றிவிடுகிறான். ஒரு நிமிஷத்தில் கோழைத்தனம் வீரமாகிவிட்டது. நட்சத்திரத்தின் பயத்துக்கு விதிக்கப்பட்ட ஆயுள் அவ்வளவுதான். பெட்டிஸ் கதி வேறு. அவனும் ஓடிப்போகிறான், அவன் பின்னால் யாரும் வரவில்லை. பிறகு, மறுபடியும் முன்வரிசைக்குப் போகவேண்டிய வேளை வருகிறபோது, கால் எழும்பாமல் பின்தங்குகிறான்; பின்தங்கி நின்ற இடத்தில் ஒரு வீடு இடிந்து விழுந்து அவனை நசுக்கிவிடுகிறது. எதற்குப் பயந்தானோ அதிலிருந்து ஒதுங்கி நின்றதாலேயே செத்தான். கடைசி ரீலில் திரும்பி வந்து எதிரியின் பீரங்கியைப் பிடித்துப் பிராயச்சித்தம் செய்துகொள்ள அவனுக்கு இடம் கிடையாது. அந்த வேஷத்தை ஒரு நட்சத்திரத்திடம் கொடுத்திருந்தால் அவரும், அவருடைய காரியஸ்தரும், ரஸிகர் கூட்டமும் சேர்ந்து அந்தப் பிராயச்சித்தத்தைக் கேட்டு வாங்கியிருப்பார்கள். பிராயச்சித்தம் இல்லாத பயத்தை, அதாவது யுத்தத்தில் பெரும்பாலோருக்கு நேர்கிற பயத்தை, நடித்துக் காட்டும் சுதந்திரம் துணைநடிகனுக்கு மட்டுமே உண்டு. இதை அவனுடைய குறைபாடு என்று எழுதுகிறவர்களை என்னவென்று சொல்வது?

அதே படத்தில் ரிக்கார்டோ மொந்தல்பான் நடித்த ரோட்ரிகஸ் என்ற சிப்பாய், லாஸ் ஏஞ்சலஸ்காரன், வாழ்நாளில் முதன்முறையாகப் பனியைக் கண்டு குழந்தையாய்த் துள்ளுகிறான். காயம்பட்ட பிறகு உடைந்த ஜீப்பின் அடியில் அவனை மறைத்து வைத்துவிட்டுப் போகிற தோழர்கள் திரும்பி வருவதற்குள் அந்தப் பனியிலேயே உறைந்து சாகிறான். இதுவும் நட்சத்திரத்துக்குக் கிடைக்காத மரணம்.

இங்கே ஓர் ஆட்சேபம் எழும். எழுப்பாதிருந்தால் நாமே எழுப்பிக்கொள்ள வேண்டியது. அதே 1949-ல் வந்த ‘சாண்ட்ஸ் ஆஃப் ஐவோ ஜிமா’வில் ஜான் வெய்னே சாகிறாரே என்பார்கள். சாகிறார், மெய்தான். மலையுச்சியைப் பிடித்தாகிவிட்டது, கதை முடியப்போகிறது, சற்று ஓய்ந்து உட்காருகிற தருணத்தில் மறைந்திருந்த எதிரியின் குண்டு பாய்கிறது. அவர் பையில் மகனுக்கு எழுதிய கடிதம், அதை ஒருவன் உரக்கப் படிக்கிறான், கொடி ஏறுகிறது. இது மரணமன்று, கும்பாபிஷேகம். நட்சத்திரம் சாவது கதை தன் வேலையை முடித்த பிறகு. துணைப்பாத்திரம் சாவது கதை நடந்துகொண்டிருக்கும்போதே, அதுவும் காரணமே இல்லாமல். போர்க்களத்துச் சாவு எந்த ரகத்தைச் சேர்ந்தது என்பதைப் போருக்குப் போய்வந்த எவரும் சொல்வர். கம்பனுடைய யுத்த காண்டத்தைப் படிக்கிற நாம் இராமன் உயிருக்காக எப்போதாவது மூச்சைப் பிடித்துக்கொள்கிறோமா? அந்தக் காண்டத்தில் நம் நெஞ்சைப் பிசைகிறவன் கும்பகர்ணன். அண்ணன் செய்தது அநியாயம் என்று தெரிந்தும் செஞ்சோற்றுக் கடனுக்காகப் போய்ச் சாகிற அவனைத் தோற்றுப்போன கதாநாயகன் என்று எந்த ரஸிகனும் சொன்னதில்லை.

இனி இரண்டாவது குற்றச்சாட்டு: ஒரே வேஷத்தைத் திரும்பத் திரும்பப் போட்டார் என்பது. இதைச் சொல்லுகிறவர்கள் உடுப்பைப் பார்த்தார்களேயன்றி உடுத்தியவனைப் பார்க்கவில்லை. ‘சாண்ட்ஸ் ஆஃப் ஐவோ ஜிமா’வில் ஜேக்கல் சதா உடன்பிறந்தானோடு கைகலந்துகொண்டே இருக்கிற ஃப்ளின் சகோதரர்களில் ஒருவன், முரட்டு உல்லாசி. அதே வருஷத்துப் பெட்டிஸோ பயந்து நடுங்குகிறவன். 1956-ல் ராபர்ட் ஆல்ட்ரிச் எடுத்த ‘அட்டாக்’கில், கோழையான ஒரு காப்டனின் கீழ் மாட்டிக்கொண்டு சாகிற படைப்பிரிவில் ஒருவன். ‘சாண்ட்ஸ் ஆஃப் ஐவோ ஜிமா’வுக்கு அமெரிக்கக் கடற்படைத் துருப்பினர் சகல ஒத்தாசையும் செய்தார்கள். ‘அட்டாக்’கின் கதையைக் கேட்டதும் இராணுவ இலாகா கையை விரித்துவிட்டது. யுத்தத்தைக் கொண்டாடிய படத்திலும், யுத்தத்தை நடத்துகிறவர்களைக் கூண்டிலேற்றிய படத்திலும் ஒரே நடிகர், ஒரே உடுப்பு, இரண்டு வெவ்வேறு ஆத்மாக்கள். 1961-ல் வந்த ‘டவுன் வித்தவுட் பிட்டி’யில் அந்த உடுப்புக்குள் இருப்பவன் ஒரு குற்றவாளி, ஜெர்மானிய நகரம் ஒன்றில் ஓர் இளம்பெண்ணைக் கற்பழித்ததாக விசாரிக்கப்படும் நான்கு அமெரிக்கச் சிப்பாய்களில் ஒருவன். பதினெட்டு வருஷங்களுக்குமுன் தாய்மார்களெல்லாம் தம் பிள்ளையாக எண்ணிக் கண் கலங்கிய அந்தப் பால்முகம், அநேகமாக மாறாமல் அப்படியே குற்றவாளிப் பெஞ்சில் உட்கார்ந்திருப்பதைக் காண்பது எத்தகைய அதிர்ச்சி என்பதை அவருடைய படங்களை வரிசையாகப் பார்த்து வந்தவர்கள் அறிவார்கள். அந்த அதிர்ச்சி, முன்னே போட்ட வேஷங்களின் முதலீட்டிலிருந்து வந்த வட்டி.

உடுப்பில்லாத வேஷங்களும் இல்லாமலில்லை. 1952-ல் ‘கம் பேக், லிட்டில் ஷீபா’வில் ஈட்டி எறிகிற கல்லூரிக் காளை, 1950-ல் ‘தி கன்ஃபைட்டர்’ தொடக்கத்திலேயே கிரகரி பெக்கை வம்புக்கிழுத்துச் செத்துப்போகிற இளம் போக்கிரி, 1957-ல் ‘3:10 டு யூமா’வில் கொள்ளைத் தலைவனின் வலக்கையான சார்லி பிரின்ஸ். இந்தக் கடைசி வேஷத்தில் தலைவன்மேல் அவனுக்குள்ள பக்தி, ஒரு வசனத்திலும் சொல்லப்படாமல் பார்வையிலேயே வெளிப்பட்டுவிடுகிறது. ஆனால் நம் வாதத்துக்கு இவை அவசியமேயில்லை. உடுப்புக்குள்ளேயே போதுமான மனிதர்கள் இருந்தார்கள்.

உண்மையில் ‘ஒரே வேஷம்’ என்ற குற்றம் யாரைச் சேரும் என்று பார்ப்போம். 1967-ல் வந்த ‘தி டர்ட்டி டஸன்’ படத்தில் ஜேக்கலோடு நடித்த சார்லஸ் பிரான்ஸன், அதுவரையில் அவரும் ஒரு துணைநடிகர்தான். அடுத்த வருஷம் இத்தாலிய இயக்குநர் செர்ஜியோ லியோனேயின் படத்தால் உச்சிக்குப் போனார். ஜேக்கல் ஏறத் தவறிய ஏணியில் ஏறிக் காட்டியவர் என்று எப்போதும் உதாரணம் காட்டப்படுகிறவர் இவரே. ஏறினார், சரி, ஏறிய இடத்தில் என்ன செய்தார்? 1974-ல் ‘டெத் விஷ்’ படத்தில், குடும்பத்தைச் சீரழித்தவர்களின் ஜாதியையே துப்பாக்கியால் பழிவாங்கும் ஒரு மனிதனாக வந்தார். அந்த மனிதனாகவே 1994 வரை மொத்தம் ஐந்து படங்களில் வந்துகொண்டிருந்தார். பிரான்ஸன் திறமைசாலி, அவரைக் குறைசொல்ல நமக்கு விருப்பமில்லை. நட்சத்திரத்தைப் பார்க்க வருகிறவன் போன தடவை பார்த்ததையே மறுபடியும் கேட்கிறான், கொடுக்காவிட்டால் கோபித்துக்கொள்கிறான்; துணைநடிகனிடம் அவன் எதையும் கேட்டு வருவதில்லை, ஆதலால் துணைநடிகன் எதையும் கொடுக்கலாம். ஒரே வேஷத்தில் சிறைப்பட்டவர் யார் என்பதைக் கணக்குப் பார்க்கத் தெரிந்தவர்கள் பார்த்துக்கொள்ளட்டும்.

பக்கத்தில் நிற்பதிலும் இரண்டு விதம் உண்டு. 1960-ல் ‘தி மாக்னிஃபிசன்ட் செவன்’ படத்தில் யூல் பிரின்னர் கதாநாயகர். ஸ்டீவ் மக்வீன் அவர் பக்கத்தில் நிற்பவர். சவ வண்டியின்மேல் இருவரும் அமர்ந்து ஓட்டிப்போகும் காட்சியில் மக்வீன் தோட்டாக்களைக் காதருகே குலுக்கிப் பார்ப்பதும், தொப்பியைக் கழற்றி வெயிலுக்குப் பிடிப்பதுமாக, பிரின்னர்மேல் இருக்கவேண்டிய கண்களைத் தம் பக்கம் இழுத்துக்கொண்டேயிருக்கிறார். பிரின்னர் இதனால் எரிச்சலடைந்த கதை ஹாலிவுட்டில் பிரசித்தம். மக்வீன் துணைநடிகராக நிற்கவில்லை; நட்சத்திரமாவதற்கு ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்தார். சாமர்த்தியந்தான், சுவாரசியமுந்தான், ஆனால் காட்சியின் சொத்தைத் தனக்காகக் கொஞ்சம் கொஞ்சமாக எடுத்துப் பையில் போட்டுக்கொள்வது அது. ஜேக்கல் அந்தக் காரியத்தைச் செய்து நாம் பார்த்ததில்லை. எதிரே ஒருவர் பேசும்போது அவர் கேட்கிறார். கேட்பதாக நடிப்பது வேறு, கேட்பது வேறு; இரண்டாவதைத் திரையில் செய்வது எவ்வளவு அரிது என்பது, எதிராளியின் வசனம் முடிவதற்காகக் கண்ணிமைக்காமல் காத்திருக்கும் நடிகர்களைப் பார்த்துச் சலித்தவர்களுக்குத் தெரியும்.

‘தி டர்ட்டி டஸன்’ படத்தில் அவருடைய சார்ஜண்ட் போரன் இந்தக் கலைக்கு நல்ல உதாரணம். தூக்குத் தண்டனையும் நெடுஞ்சிறையும் பெற்ற பன்னிரண்டு இராணுவக் கைதிகள். அவர்களை ஒரு தற்கொலைக் காரியத்துக்குத் தயாரிக்கும் மேஜர் ரைஸ்மனாக லீ மார்வின். படத்தை எழுதும் எல்லா விமரிசகர்களும் இந்தப் பதின்மூன்று பேரைப் பற்றி எழுதுவார்கள். நடுவில் நிற்கிற இராணுவப் போலீஸ் சார்ஜண்டைப் பற்றி அரை வாக்கியம் எழுதினால் பெரிது. ஆனால் அந்தப் படத்தில் மிகக் கடினமான வேலை அவருடையது. கொலைகாரர்களும் பாதகர்களுமான அந்தக் கூட்டத்தின்மேல் நமக்கு முதலில் இருப்பது அருவருப்பு. முடிவில் இருப்பது பாசம். இந்த மாறுதல் எப்படி நேர்ந்தது? மேஜர் அவர்களை நம்புவதால் நாம் நம்பிவிடுவதில்லை. அவர் பைத்தியக்காரத் துணிச்சல்காரர், அவர் தீர்ப்புக்கு மதிப்பில்லை. சட்டத்தை விட்டு ஒரு அங்குலம் விலகாத, கைதியென்றால் கைதியாகவே பார்க்கத் தெரிந்த போரன், முதலில் முகத்தைச் சுளித்து, பிறகு சந்தேகத்தோடு கவனித்து, பிறகு அவர்கள் செய்யும் குறும்புக்குச் சிரிப்பை அடக்கிக்கொண்டு, கடைசியில் தாமும் அவர்களோடு பிரான்சில் குதிக்கப் புறப்படுகிறபோதுதான் நாம் அவர்களை ஏற்கிறோம். நம்முடைய மனம் அவர் முகத்தில் மாறிக்கொண்டிருந்தது. அவர் கொஞ்சம் முந்தியிருந்தால் படம் பொய்யாகியிருக்கும். பிந்தியிருந்தால் நாம் கதைக்கு வெளியே நின்றிருப்போம். போனவர்களில் உயிரோடு திரும்புகிறவர்கள் மூவரே: மேஜர், பிரான்ஸன் நடித்த விளாடிஸ்லா, சார்ஜண்ட் போரன். பார்க்கிற எவரும் படம் முடியும்வரை அவர் பிழைப்பார் என்று பந்தயம் கட்டியிருக்க முடியாது.

ஆல்ட்ரிச் இந்த விஷயத்தை நன்றாகவே அறிந்திருந்தார். ‘அட்டாக்’கில் சாதாரணச் சிப்பாய், ‘தி டர்ட்டி டஸ’னில் சார்ஜண்ட், 1972-ல் ‘உல்ஸானாஸ் ரெய்ட்’ படத்தில் அனுபவமற்ற இளம் லெஃப்டினன்ட் பக்கத்தில் குதிரையில் வருகிற பழம்பெரும் சார்ஜண்ட், 1977-ல் ‘ட்வைலைட்ஸ் லாஸ்ட் கிளீமிங்’ படத்தில் காப்டன் என்று இருபது வருஷத்துக்கு மேலாக ஜேக்கலைத் திரும்பத் திரும்ப அழைத்தார். ஸாம் பெக்கின்பா 1973-ல் ‘பாட் காரட் அண்ட் பில்லி தி கிட்’ எடுத்தபோதும், ஸ்லிம் பிக்கன்ஸ், ஜாக் இலாம், கேட்டி ஹுராடோ என்று இரண்டாம் வரிசையில் முதிர்ந்த முகங்களையெல்லாம் ஒன்றுகூட்டிய அந்தப் படத்தில், ஷெரிஃப் மக்கின்னியாக ஜேக்கலுக்கு இடமிருந்தது. தம் தொழிலில் கண்டிப்புக்குப் பேர்போன இயக்குநர்கள் இரக்கத்தினால் ஒருவருக்கு வேலை கொடுப்பதில்லை.

மூன்றாவது வாதம் ஆஸ்காரைப் பற்றியது. 1971-ல் பால் நியூமன் இயக்கி நடித்த ‘சம்டைம்ஸ் எ கிரேட் நோஷன்’ படத்துக்காக ஜேக்கலின் பெயர் சிறந்த துணைநடிகருக்கான பரிசுக்குப் பரிந்துரைக்கப்பட்டது, பரிசு கிடைக்கவில்லை. வாழ்நாளில் ஒரே ஒரு முறை அவர் யாரென்று உலகம் பார்க்க நேர்ந்தது, அதுவும் வீணாயிற்று என்று இதை எழுதுகிறார்கள். அந்தக் காட்சியைப் பார்த்தவர்கள் இப்படி எழுதத் துணிவது ஆச்சரியம். ஆரகன் மாகாணத்து மரவெட்டிக் குடும்பம். ஆற்றோரத்தில் வேலை நடக்கும்போது நேர்ந்த விபத்தில் உருண்டு வந்த பெரிய மரத்துண்டு ஒன்று ஜோ பென் என்ற தம்பி முறைக்காரனைத் தண்ணீரோரமாக அழுத்திப் பிடித்துக்கொள்கிறது. ஏற்றநீர் மெல்ல மெல்ல ஏறுகிறது. மரம் மிதந்துவிடும், பயமில்லை என்று முதலில் இருவரும் வேடிக்கை பேசுகிறார்கள். நீர் மார்பு, கழுத்து, வாய் என்று ஏறுகிறது. தலை முழுகியபின் நியூமன் மூச்சை இழுத்துக்கொண்டு குனிந்து வாயோடு வாய் வைத்து அவனுக்குக் காற்றுக் கொடுக்கிறார். அந்த நிலையின் விசித்திரம் உறைத்து நீருக்கடியில் ஜோ பென்னுக்குச் சிரிப்பு வருகிறது. சிரித்ததில் காற்றுப் போகிறது, உயிரும் போகிறது.

சாகும் தறுவாயில் சிரிப்பது பெரிய நடிகர்கள் பலரும் செய்திருக்கிற காரியம். ஆனால் அது வீரச் சிரிப்பாகவோ விரக்திச் சிரிப்பாகவோதான் இருக்கும். இந்தச் சிரிப்பு வெறும் சிரிப்பு. கூச்சம் காட்டினால் குழந்தை சிரிக்கிறதே, அதே ஜாதி. தன் சாவு பெரிய சம்பவம் என்ற பிரக்ஞை அதில் துளியும் கிடையாது. இருபத்தெட்டு வருஷமாகக் காட்சியின் ஓரத்தில் நின்று, தன்மேல் வெளிச்சம் விழவேண்டும் என்ற தவிப்பே இல்லாமல் பழகிய ஒருவரால்தான் காட்சி முழுவதும் தம் முகத்தின்மேல் நிலைத்திருக்கிற வேளையிலும் அவ்வளவு சாதாரணமாக இருக்க முடிந்தது. அதுவரை நடித்ததெல்லாம் வீண், இந்த ஒன்றே மெய் என்கிறவர்கள், இந்த ஒன்று எங்கிருந்து வந்தது என்று யோசிக்கவில்லை.

பரிசு யாருக்குப் போயிற்று என்பதையும் அவர்கள் மறந்துவிடுகிறார்கள். அந்த வருஷம் அதைப் பெற்றவர் ‘தி லாஸ்ட் பிக்சர் ஷோ’வில் நடித்த பென் ஜான்ஸன்: குதிரைகளை ஓட்டிக்கொண்டு ஹாலிவுட்டுக்கு வந்து, சண்டைக் காட்சிகளில் பிறருக்குப் பதிலாகக் குதித்து விழுந்து, ஜான் ஃபோர்டின் படங்களில் இரண்டாம் வரிசையில் நின்று முதிர்ந்தவர். ஜேக்கல் தம் சகபாடியிடம்தான் தோற்றார். அதைத் தோல்வி என்று சொல்வதானால் சொல்லிக்கொள்ளட்டும்.

எஞ்சியிருப்பது இரக்கக்காரர்களின் பலமான வாதம். அதை அவர்கள் அபூர்வமாகத்தான் சொல்கிறார்கள். ஸ்டூடியோக்கள் இத்தகைய நடிகர்களின் உழைப்பை மலிவாக வாங்கின; லாபத்தில் பங்கு கொடுக்கவில்லை; பெயரைச் சிறிய எழுத்தில் போட்டன; நட்சத்திரத்தின் ஒரு வார ஊதியத்தில் இவர்களுடைய ஒரு வருஷ ஜீவனம் அடங்கிவிடும். இது அநீதிதான், மறுக்கப்போவதில்லை. ஆனால் கூலி குறைந்தது என்பதிலிருந்து வேலை குறைந்தது என்ற முடிவுக்குத் தாவுவது முதலாளியின் கணக்குப்புத்தகத்தை விமரிசன நூலாகப் படிப்பதாகும். அநீதியைக் கண்டு மனம் கொதிப்பவர்கள் ஊதியத்தைப் பற்றி எழுதட்டும்; நாமும் கையெழுத்திடுகிறோம். கலையைப் பற்றித் தீர்ப்பெழுதும்போது அந்தக் கணக்குப்புத்தகத்தை மூடி வைத்துவிட வேண்டும்.

ஜேக்கலின் பிற்காலத்தையும் இவர்கள் சும்மா விடுவதில்லை. 1984-ல் ஜான் கார்ப்பென்டரின் ‘ஸ்டார்மன்’ படத்தில் இரக்கமற்ற அரசாங்க அதிகாரியாக வந்தார். அதற்குப் பிறகு தொலைக்காட்சியில் ‘ஸ்பென்ஸர்: ஃபார் ஹையர்’ தொடரில் போலீஸ் லெஃப்டினன்ட், ‘பேவாட்ச்’சில் கடற்கரைக் காவலர்களில் மூத்தவர். 1985-ல் ‘தி டர்ட்டி டஸன்’ கதையின் தொடர்ச்சி தொலைக்காட்சிப் படமாக வந்தபோது மறுபடியும் போரன் வேஷம். பார், ஐம்பத்தெட்டு வயதிலும் அதே சார்ஜண்ட் என்று எள்ளலும் அனுதாபமுமாக எழுதினார்கள். படம் சாதாரணமானது, வாதத்துக்கிடமில்லை. ஆனால் அந்தப் படத்துக்காகப் பன்னிரண்டு கைதிகளையும் புதிதாகத் தேடிச் சேர்த்தவர்கள், லீ மார்வினையும் எர்னஸ்ட் போர்க்னைனையும் ஜேக்கலையும் மட்டும் பழைய வேஷங்களுக்கே அழைத்தார்கள். வேறு சார்ஜண்டைப் போட்டிருக்கலாம், போடவில்லை.

1997 ஜூனில் கலிபோர்னியாவின் உட்லண்ட் ஹில்ஸில், சினிமா, தொலைக்காட்சித் தொழிலில் உழைத்தவர்களுக்கென ஏற்பட்ட ஆஸ்பத்திரியில் ஜேக்கல் காலமானார். கடைசியில் தர்ம ஆஸ்பத்திரியில் போய்ச் செத்தார் என்று இரக்கத்தின் இறுதி அத்தியாயத்தையும் எழுதி முடித்துவிட்டார்கள். அந்த ஸ்தாபனம் தர்மமன்று. நட்சத்திரம் முதல் விளக்குத் தூக்குகிறவன் வரை தொழிலிலிருந்தவர்கள் தம் சம்பளத்திலிருந்து ஒரு பகுதியைக் கொடுத்துச் சேர்த்த நிதியால் எழுந்தது அது. 1940-களின் தொடக்கத்தில் அதைக் கட்டி எழுப்ப முன்னின்றவர், அந்த நிதியின் தலைவராக வெகுகாலம் இருந்த ஜீன் ஹெர்ஷோல்ட். டென்மார்க்கிலிருந்து வந்து, மௌனப் படக் காலத்திலிருந்து பெரும்பாலும் பிறர் கதாநாயகராக நின்ற படங்களில் குணசித்திர வேஷங்கள் போட்டவர் அவர்.